வீழாத கோட்டைக்கு ஒரு தபால் பை

கோட்டை நகரம் விழுந்தது ஒரு செவ்வாய்க்கிழமை. புதன்கிழமை காலைக்குள் தெருவில் எல்லோருக்கும் தெரிந்துவிட்டது. ஐந்து வாரமாகியும் தெரியாமல் இருந்தது அரசாங்கத்துக்கு மட்டும்தான்.

தலைநகரத் தபால் பிரிப்பு நிலையத்தில் ஒரு சுவர் முழுக்க மரத்தட்டு உண்டு. இருபத்துநான்கு அறைகள், அறைக்கு ஓர் ஊர். அவற்றில் ஒன்பது ஊர்கள் எதிரியின் கைக்குப் போய்ச் சேர்ந்தாயிற்று. ஆனாலும் எந்த அறையின் பெயர்ச்சீட்டையும் கிழிக்கக் கூடாது, தட்டு போருக்கு முன்பு இருந்தபடியே இருக்க வேண்டும் என்று சுற்றறிக்கை வந்திருந்தது. அப்படியே இருந்தது. யாரும் கடிதம் எழுதாத ஊர்களின் அறைகள் சும்மா கிடந்ததால் ஊழியர்கள் அவற்றில் சாப்பாட்டு டப்பாக்களை வைத்துக்கொண்டார்கள். வடக்கு மாவட்டங்கள் மூன்றிலும் டப்பா. துறைமுகத்தில் யாருடையதோ குடை. தளபதிகள் விட்டுவிட்டு வந்த மண்ணில் தபால்காரர்கள் இன்னும் குடித்தனம் நடத்திக்கொண்டிருந்தார்கள்.

பதினேழாம் அறை மட்டும் காலியாகவில்லை. அது கோட்டையின் அறை. அங்கே ராணுவ ஆஸ்பத்திரி இருந்ததால் கடிதங்கள் வந்துகொண்டே இருந்தன. தினமும் காலையில் அவற்றைப் பையில் கட்டி வேனில் ஏற்றுவார்கள். வேன் ஊருக்கு வெளியே சோதனைச் சாவடி வரை போகும். அங்கே நிற்கும் சிப்பாய், "ரோடு வேலை நடக்குது, திரும்பிப் போ" என்பான். மத்தியானத்துக்குள் பை திரும்பிவிடும். மறுநாள் மறுபடி கிளம்பும். இப்படி அந்தப் பை முப்பத்தொரு தடவை போர்முனைக்குப் போய் முழுசாகத் திரும்பியிருந்தது.

"இதுக்கு ஒரு பதக்கம் குடுக்கலாம்க்கா," என்றான் வேன் டிரைவர். "நம்ம பட்டாளத்துலயே தினமும் முன்னேறிப் போறது இது ஒண்ணுதான்."

அவன் அக்கா என்று அழைத்தவளுக்கு ஆபீசில் சுத்தியலம்மா என்று பெயர். இருபத்திரண்டு வருடமாகத் தேதி முத்திரை குத்துகிறவள். அவள் குத்தினால் பக்கத்து மேஜையில் தேநீர் தளும்பும். டிரைவரின் கேலிக்கு வழக்கமாக ஒரு படி மேலே போய்ப் பதில் வைத்திருப்பாள். ஐந்து வாரமாக அந்தப் பதில் வரவில்லை. கோட்டை ஆஸ்பத்திரியில் நர்ஸாக இருந்தவள் அவளுடைய தங்கை. வீட்டில் அவளை ஊசி என்றுதான் கூப்பிடுவார்கள்.

பக்கத்து நாடு இந்தப் போரில் யார் பக்கமும் சேராத நாடு. அதன் வானொலியைக் கேட்பது தண்டனைக்குரிய குற்றம். காலை ஏழரை மணிச் செய்தியின்போது தெருவின் இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடி வரை நடந்தால் ஒரு வார்த்தை விடாமல் கேட்கலாம். மக்கள் அந்தச் சட்டத்துக்கு அவ்வளவு பயந்தார்கள். அந்த மாதம் ஐந்தாம் தேதி அந்த வானொலி ஓர் அறிவிப்பைப் படித்தது. கோட்டை ஆஸ்பத்திரியின் பட்டியலில் இருந்த மருத்துவப் பணியாளர்கள் நாற்பத்தொரு பேர். குடும்பத்தார் கைப்பட எழுதி, புகைப்படம் வைத்து, பதிவுத் தபாலில் அந்த ஆஸ்பத்திரிக்கே அனுப்பிக் கேட்க வேண்டும். உரியவர் கையெழுத்துப் போட்டு வாங்கினால், எதிரித் தரப்பு அவரைப் பக்கத்து நாட்டின் வழியாக விடுவிக்கும். மாதக் கடைசிக்குள் கேட்கப்படாதவர்கள் தொலைவில் உள்ள முகாம்களுக்கு மாற்றப்படுவார்கள். எவ்வளவு தொலைவு என்று சொல்லவில்லை.

அம்மாவுக்குக் காது கொஞ்சம் மந்தம். "என்னடி சொல்றான்?"

"ஊசி உயிரோட இருக்கலாம்னு சொல்றான்மா."

"இருக்கலாம்னா?"

"எழுதிக் கேக்கணுமாம்."

"அப்ப எழுதேன். தபாலாபீஸ்ல உக்காந்துக்கிட்டு என்னைப் பாத்தா?"

நியாயமான கேள்விதான். அதைத் தூக்கிக்கொண்டு அவள் நேராகக் கண்காணிப்பாளர் அறைக்குப் போனாள்.

கண்காணிப்பாளர் கெட்டவர் அல்ல. ஓய்வுபெறப் பதினொரு மாதம் இருந்தது. அந்தப் பதினொன்றையும் கீழே போடாமல் வீட்டுக்குக் கொண்டுபோய்ச் சேர்க்க வேண்டும் என்பதைத் தவிர அவருக்கு வாழ்க்கையில் வேறு கொள்கை கிடையாது.

"கைதிங்களுக்கு லெட்டரா? எந்தக் கைதிங்க?"

"கோட்டைல பிடிபட்டவங்க சார்."

"கோட்டை எப்ப பிடிபட்டுச்சு?"

"அஞ்சு வாரமாச்சு."

"எனக்கு எழுத்து மூலமா எதுவும் வரலையேம்மா." சுவரில் இருந்த ஒலிபெருக்கியைக் கண்ணால் காட்டினார். அது அந்த நேரத்தில் ஏதோ ஒரு வெற்றியை அறிவித்துக்கொண்டிருந்தது. "விழாத ஊர்ல பிடிபட்டவங்க எப்படி இருப்பாங்க? நீயே சொல்லு."

"அப்ப விழாத ஊருக்குத் தபால் போகணும்ல சார்?"

"போகுதே. தினமும்தான் போகுது."

"தினமும் வருது சார்."

"வர்றது ரோடு வேலையால." அவர் எழுந்து கதவைச் சாத்தினார். குரலைத் தாழ்த்தினார். "உன் கஷ்டம் எனக்குப் புரியாம இல்ல. ஆனா என்னை விட்டுடு."

அவள் விட்டுவிட்டு நேராகக் கவுன்டரில் போய் உட்கார்ந்தாள். அன்று பதினோரு மணிக்கே ஆட்கள் வர ஆரம்பித்திருந்தார்கள். முதலில் வந்தவர் கடைத்தெருத் தையல்காரர். மகன் அந்த ஆஸ்பத்திரியில் ஆம்புலன்ஸ் ஓட்டுகிறவன். கடிதத்தை ஒட்டாமல் கொண்டுவந்திருந்தார்.

"ஏன்மா, இது போகுமா?"

"ஒட்டிக் குடுங்கண்ணே. போக வைக்கிறது என் வேலை."

பதிவுத் தபாலாக வாங்கினாள். கூடவே, பெறுகிறவர் கையெழுத்துப் போட்டுத் திருப்பியனுப்பும் ஒப்புகை அட்டையைப் பின்னால் குத்தினாள். ரசீது கொடுத்தாள். ஒரு வாரத்தில் நாற்பத்தொரு கடிதமும் வந்து சேர்ந்தன. அவளுடையதும் அதில் ஒன்று. மேலே அவர்கள் கேட்டபடி, 'இவள் என் தங்கை. திருப்பிக் கேட்கிறேன்' என்று எழுதியிருந்தாள். கீழே, 'ஊசி, நோயாளிகளை விட்டு வரமாட்டேன் என்று வீம்பு பிடிக்காமல் கையெழுத்துப் போடு' என்று எழுதியிருந்தாள்.

கண்காணிப்பாளருக்கு விஷயம் தெரிந்தபோது வேர்த்துவிட்டது. "யாரு உன்ன வாங்கச் சொன்னா?"

"கவுன்டருக்கு வந்த தபால வாங்கக் கூடாதுன்னு எந்த விதில இருக்கு சார்?"

அவர் விதிப் புத்தகத்தை எடுத்தார். மத்தியானம் வரை தேடினார். அப்படி ஒரு விதி இல்லை. போரில் தோற்றுக்கொண்டிருந்த அந்த நாட்டில் எல்லாவற்றுக்கும் விதி எழுதியிருந்தார்கள், தோற்பதற்கு மட்டும்தான் எழுதவில்லை.

ரசீது கொடுத்த தபால் பதினேழாம் அறையில் உட்கார்ந்திருந்தது. தினமும் சாவடி வரை போய் வந்தது. மாதம் பாதியைத் தாண்டியது.

பதினெட்டாம் தேதி செய்தித்துறை அமைச்சர் வந்தார். 'வீழாத கோட்டை' என்று ஒரு சிறப்புத் தபால்தலை. மூன்று மாதத்துக்கு முன்பு அனுமதியான படம். அச்சாகி வரத் தாமதமாயிற்று. அதுவரை கோட்டையால் காத்திருக்க முடியவில்லை. தபால்தலையில் பின்னால் சின்னதாகக் கோட்டையும் முன்னால் பெரிதாக அமைச்சரின் பக்கவாட்டு முகமும் இருந்தன. இரண்டில் எது வீழாதது என்று பார்க்கிறவர்கள் முடிவு செய்துகொள்ளலாம்.

வெளியீட்டு விழா பிரிப்புக் கூடத்திலேயே நடந்தது. அமைச்சர் கண்ணில் படக் கூடாதென்று வடக்கு மாவட்டங்களைப் பத்தே நிமிடத்தில் காலி செய்து டப்பாக்களை மேஜைக்கு அடியில் தள்ளினார்கள். அமைச்சர் பேசினார்.

"போர்முனை நம்மை நோக்கி நெருங்குகிறது என்று சிலர் கவலைப்படுகிறார்கள். நான் கேட்கிறேன், நெருங்கினால் என்ன? நம் வீரர்களுக்கு உணவு கொண்டுசெல்லும் தூரம் இன்று பாதியாகக் குறைந்திருக்கிறது! உலகில் எந்த ராணுவம் இவ்வளவு குறுகிய காலத்தில் இதைச் சாதித்தது?"

கைதட்டினார்கள். "இன்னும் பத்து நாள் போகட்டும்," என்றான் டிரைவர், உதடு அசையாமல். "பதினாலாம் நம்பர் பஸ்ல போய்ச் சண்டை போட்டுட்டு மத்தியானம் சாப்பாட்டுக்கு வீட்டுக்கு வந்துடலாம்."

அமைச்சருக்கு இளமையிலிருந்தே தபால்தலை சேர்க்கும் பழக்கம். அதனால் அந்தத் தொழிலின் ஒரு வழக்கம் அவருக்குத் தெரிந்திருந்தது. ஓர் ஊரின் பெயரில் தபால்தலை வந்தால், அதை ஒட்டி, வெளியான அன்றே முத்திரை குத்திய முதல் நாள் உறையை அந்த ஊருக்கே அனுப்பி, அங்கே பின்பக்கத்தில் தேதி முத்திரை வாங்கித் திரும்ப வரவழைப்பார்கள். இரண்டு முத்திரையும் இருந்தால்தான் சேகரிப்பவர்கள் மதிப்பார்கள்.

"நூறு உறைகள்," என்றார் அமைச்சர். "கோட்டைக்குப் போய், கோட்டைத் தபால் நிலையத்தின் முத்திரையோடு என் மேஜைக்கு வர வேண்டும். அடுத்த மாதம் வெற்றிக் கண்காட்சியில் வைக்கப்போகிறேன். கோட்டை விழுந்துவிட்டது என்று வதந்தி பரப்புகிறவர்கள் வந்து பார்க்கட்டும்!"

சுத்தியலம்மா அமைச்சரின் முகத்தை உற்றுப் பார்த்தாள். பொய் சொல்கிறவன் முகமாக அது இல்லை. தான் கொடுத்த பொய்யை மறுநாள் பேப்பரில் படித்து, 'அட, அப்படியா!' என்று சந்தோஷப்பட்டவனின் முகம்.

அமைச்சரின் கார் போன பிறகு கண்காணிப்பாளர் நாற்காலியில் சரிந்தார். "பதினோரு மாசம்," என்றார். "பதினோரு மாசம்தான் இருந்துச்சு."

அவள் விதிப் புத்தகத்தை விரித்து அவர் முன்னால் வைத்தாள். "நேர்வழி அடைபட்டா மாற்று வழியில அனுப்பலாம் சார். இடையில இருக்கற நாடு பையத் திறக்காம அந்தப் பக்கம் கடத்திவிடணும். நூத்திப் பதினாறாவது விதி."

"எந்த வழியா?"

"பக்கத்து நாடு வழியா. எல்லைப் பாலத்துல குடுத்தா அவங்க தபால்காரங்க எடுத்துட்டுப் போயிடுவாங்க."

"பக்கத்து நாட்டுலருந்து கோட்டைக்கு எப்படிம்மா போகும்? நடுவுல எதிரி..." என்று ஆரம்பித்து நிறுத்திக்கொண்டார்.

"நடுவுல எதிரி இருக்கானா சார்?"

அவர் ஒலிபெருக்கியைப் பார்த்தார். "இல்ல. இல்ல. எங்க இருக்கான்?"

"அப்ப என்ன தடை?"

பேனாவை எடுத்தார். அவள் பைப் பட்டியலை நீட்டினாள். முதல் வரியில் அமைச்சரின் நூறு உறைகள். அதற்குக் கீழே ஒன்று முதல் நாற்பத்தொன்று வரை பதிவுத் தபால்கள், வரிக்கு ஒரு பெயர். அவர் முகம் மாறியது.

"ஒரு ஊருக்கு ஒரு நாளைக்கு ஒரு பைதான் சார். ரெஜிஸ்டர் தபால நிறுத்தி வெச்சிட்டு உறைய மட்டும் அனுப்பினா விதிமீறல். அமைச்சர் பையே நின்னுடும்."

"எனக்குத் தெரியாம அடியில போட்டிருக்கலாமேம்மா. நான் கேட்டிருக்கவே மாட்டேனே."

"பட்டியல்ல இல்லாத தபால அந்த நாட்டுக்காரன் பாலத்துலயே திருப்பிடுவான் சார். ஒளிச்சு அனுப்ப இது கடத்தல் சரக்கு இல்ல. ஒவ்வொரு வரிக்கும் உங்க கையெழுத்து வேணும்."

"நாப்பத்தோரு கையெழுத்தா?"

"நாப்பத்திரண்டு. அமைச்சருக்கு ஒண்ணு."

அவர் போட ஆரம்பித்தார். பாதி தாண்டி, "உன் தங்கச்சி எதுல இருக்கா?" என்றார்.

"முப்பத்திமூணாவது வரி."

அந்த வரிக்கு வந்ததும் பேனா முள்ளைத் துடைத்துவிட்டு, மற்றவற்றைவிடக் கொஞ்சம் தெளிவாகக் கையெழுத்துப் போட்டார். அவள் பையைக் கட்டி, அரக்கு ஊற்றி, முத்திரை வைத்தாள். டிரைவர் அன்று முதல் தடவையாகச் சாவடிப் பக்கம் திருப்பாமல் பாலத்துப் பக்கம் வண்டியைத் திருப்பினான்.

அதற்குப் பிறகு காத்திருப்பதைத் தவிர வேலையில்லை. அவள் காத்திருக்கத் தெரியாதவள் என்பதால் ஓவர்டைம் பார்த்தாள். தட்டில் இன்னும் இரண்டு அறைகள் காலியாயின. டப்பா வைக்க இடம் தாராளமாகக் கிடைத்தது. அவள் முத்திரை குத்தாத நேரத்திலும் பக்கத்து மேஜையில் தேநீர் தளும்பியது. பீரங்கிச் சத்தம் அவ்வளவு கிட்டே வந்திருந்தது. ஒலிபெருக்கி அதைப் பயிற்சி என்றது.

இருபத்தெட்டாம் தேதி காலை பை திரும்பி வந்தது. கனத்தைத் தூக்கிப் பார்த்ததுமே அது போய்ச் சேர்ந்து வந்த பை என்று அவளுக்குத் தெரிந்துவிட்டது. அவள் கட்டிய முடிச்சு அது இல்லை. கண்காணிப்பாளர் முன்னிலையில் அவிழ்த்தாள்.

முதலில் நூறு உறைகள். பின்பக்கத்தில் எதிரியின் தேதி முத்திரை. ஊரின் பெயரையும் அவர்கள் பாஷையில் மாற்றியிருந்தார்கள். நூறிலும், ஒன்றைக்கூட விடாமல், கோணாமல், மை கசியாமல். சுத்தியலம்மாவுக்கே கொஞ்சம் பொறாமையாக இருந்தது. எவனோ தொழில் தெரிந்தவன்.

கண்காணிப்பாளர் தலையில் கைவைத்துக்கொண்டார். "இத எப்படிம்மா அமைச்சர் மேஜைல வைக்கிறது?"

"அவர் மூஞ்சி மேல தெரியற மாதிரி வைங்க சார். பின்பக்கத்த அவரு என்னைக்குப் பாத்தாரு?"

அடுத்து ஒப்புகை அட்டைகள், எண் வரிசைப்படி கட்டி. முப்பத்துமூன்றை உருவிப் பார்க்கக் கை பரபரத்தது. அவள் உருவவில்லை. ஒன்றிலிருந்து ஆரம்பித்தாள். கையெழுத்து. கையெழுத்து. ஒன்பதாவது அட்டையில் கையெழுத்து இல்லை. ஊதா மையில் ஒரு முத்திரை, இரண்டு பாஷையிலும்: உரியவர் இறந்துவிட்டார். அந்த முத்திரை இந்த ஆபீசில் கிடையாது. ஒலிபெருக்கியின் கணக்குப்படி நம் பக்கத்தில் யாரும் சாகவே இல்லை. ஒன்பதாவது வரியில் இருந்தது தையல்காரரின் மகன். பதினான்காவதிலும் இருபத்தாறாவதிலும் அதே ஊதா.

முப்பத்துமூன்று. குட்டிக் குட்டியாக, மருந்துச் சீட்டில் எழுதுகிற மாதிரி ஒரு கையெழுத்து. பக்கத்தில் இடுக்கி எழுதியிருந்தது: 'வீம்பெல்லாம் இல்லை, வருகிறேன். அனுப்ப உனக்கு வேறு போட்டோவே கிடைக்கவில்லையா?'

அவள் சத்தமாகச் சிரித்தாள். சிரித்துக்கொண்டே கண்ணைத் துடைத்துவிட்டு முப்பத்துநான்காவது அட்டையை எடுத்தாள்.

அடியில் ஒரு தாள் இருந்தது. முப்பத்தெட்டுப் பேர், வியாழக்கிழமை காலை பத்து மணிக்கு, பாலத்தில்.

"இந்தப் பை வரவே இல்லைன்னு வெச்சுக்கலாமா?" என்றார் கண்காணிப்பாளர், பாவமாக.

"உங்களுக்கு வர வேண்டியது நூறு உறை சார். அது வந்துடுச்சு. இது சனங்களுக்கு வந்த தபால்." அட்டைகளைக் கைப்பையில் போட்டாள். அவர் தடுக்கவில்லை, ஜன்னல் பக்கம் திரும்பி நின்றுகொண்டார்.

முதலில் அந்த மூன்று வீடுகளுக்குப் போனாள். தையல்காரர் மெஷினில் உட்கார்ந்து வெற்றிக் கண்காட்சிக்குக் கொடி தைத்துக்கொண்டிருந்தார். அட்டையை வாங்கிப் படித்தார். ஊதா முத்திரையைக் கட்டைவிரலால் தேய்த்துப் பார்த்தார்.

"நிச்சயமாம்மா?"

"நிச்சயம்ணே."

"எட்டு வாரமா நம்மாளுங்க வாயே திறக்கல. எதிராளி ஒரு அட்டையில சொல்லிட்டான்." கொடியை மெஷினிலிருந்து உருவி, மடித்து, தரையில் வைத்தார். "மத்தவங்க வர்றாங்கள்ல? நீ போ. போய்ச் சொல்லு."

வியாழக்கிழமை முப்பத்தெட்டுக் குடும்பங்கள் பாலத்தின் இந்தப் பக்கம் நின்றன. பாலத்தின் நடுவில் அவர்கள் வந்துவிட்டார்கள். யார் யார் என்று அடையாளம் தெரிகிற தூரம். ஆனால் தடுப்புக் கம்பம் தூக்கப்படவில்லை. எல்லை அதிகாரி மீசையை முறுக்கிக்கொண்டு கம்பத்தில் சாய்ந்திருந்தார்.

"கைதிகளை வாங்கிக்க எனக்கு உத்தரவு இல்ல. நம்ம தரப்புல கைதிங்களே இல்ல. இவங்கள உள்ள விட்டா யாரை விட்டேன்னு எழுதுவேன்?"

கூட்டத்தில் ஒருத்தி அழ ஆரம்பித்தாள். சுத்தியலம்மா அவளைத் தாண்டி முன்னால் போனாள்.

"யாரு கைதி?"

"பின்ன இவங்க?"

"நர்சுங்க. டாக்டர் ரெண்டு பேரு. டிரைவருங்க. வேலை பாத்துட்டு வீட்டுக்கு வர்றாங்க."

"எங்கருந்து?"

"கோட்டைலருந்து."

"கோட்டை..." அதிகாரியின் வாய் அப்படியே நின்றது. அவர் பின்னால், சாவடிச் சுவரில், வீழாத கோட்டையும் அமைச்சரின் முகமும் ஆளுயரத்துக்கு ஒட்டப்பட்டிருந்தன.

"சொல்லுங்க சார். கோட்டை யாருது?"

அவர் தன்னோடு நின்ற சிப்பாய்களைப் பார்த்தார். அவர்கள் இரண்டு பேரும் ஆற்றைப் பார்த்தார்கள்.

"நம்முது."

"பின்னாடி நிக்கறவங்களுக்குக் கேக்கல சார்."

"நம்முது! நம்முதுதான்!"

"நம்ம ஊர்லருந்து நம்ம ஊருக்கு வர்றவங்கள நிறுத்தி வைக்க உங்களுக்கு எந்த உத்தரவு இருக்கு? காட்டுங்க. இல்ல, கோட்டை விழுந்துடுச்சு, இவங்க கைதிங்கன்னு ஒரு தாள்ல எழுதிக் கையெழுத்துப் போட்டுக் குடுங்க. நாங்க அத எடுத்துட்டு அமைச்சர்கிட்டப் போறோம்."

பேனா அவர் சட்டைப் பையில்தான் இருந்தது. அதைத் தொட்டும் பார்க்கவில்லை அவர். தன் பூட்ஸைப் பார்த்தார். பிறகு சிப்பாய்களிடம், "என்னடா வேடிக்கை? கயித்த அவுத்து விடுங்கடா!" என்று எரிந்து விழுந்தார். கம்பம் கிறீச்சிட்டுக்கொண்டு மேலே போனது.

ஊசி எல்லோருக்கும் கடைசியாக வந்தாள். காலில் கட்டுப் போட்ட ஒரு வார்டு ஆளைத் தோளில் தாங்கி நடத்திக்கொண்டு வந்தாள். அவரை அவர் மனைவியிடம் ஒப்படைத்து, இந்தக் கட்டை எப்போது மாற்ற வேண்டும் என்று இரண்டு தடவை சொல்லிவிட்டுத்தான் அக்கா பக்கம் திரும்பினாள். உடம்பில் எலும்பும் நர்ஸ் உடுப்பும்தான் மிச்சம்.

"அம்மா?"

"இருக்கா. சத்தமாப் பேசணும், அவ்வளவுதான்."

ஊசி சுற்றிப் பார்த்தாள். சுவரொட்டியை, அதிகாரியை, தூரத்தில் நகரத்துக்கு மேலே எழுந்த புகையை. எட்டு வாரம் ஒருவரிடமும் கேட்க முடியாததைக் கேட்டாள்.

"அக்கா, நாம தோத்துட்டமா?"

அதிகாரி இரண்டடி தள்ளித்தான் நின்றார். சுத்தியலம்மா குரலைக் குறைத்துக்கொள்ளவில்லை.

"தோத்தாச்சு. பையக் குடு, நான் தூக்கறேன். பஸ் நிக்குது, நட."